அன்ஸ்கர் என்று நீ வைத்த பெயர்

கண்ணு,

ஃபிரிட்ஜ் கதவில் ஒரு மஞ்சள் அட்டை ஒட்டியிருக்கிறது. நேற்றுச் சாயங்காலம் உன் பையன் பள்ளிக்கூடத்திலிருந்து கொண்டுவந்தான். ஒன்றாம் வகுப்புப் பிள்ளைகள் எல்லோரும் அவரவர் பெயரின் அர்த்தத்தைப் படமாக வரைய வேண்டுமாம். மேலே இங்கிலீஷில் அவன் பெயர், கீழே சிவப்பு கிரேயானில் ஒரு வேல்.

“ஏஞ்சாமி, பேரைத்தானே வரையச் சொன்னாங்க? நீ முருகன் கோயில் வேலை வரைஞ்சு வெச்சிருக்கே?” என்றேன்.

“தட் இஸ் மை நேம், தாத்தா. காட்ஸ் ஸ்பியர்.”

எனக்கு ஒன்றும் ஓடவில்லை. ஆபீஸிலிருந்து வந்து ஷூவைக் கழற்றிக்கொண்டிருந்த என் மகன், உன் புருஷன்தான் சொன்னான். “ஆமாங்கப்பா. ஜெர்மன்காரங்களோட ஆயிரம் வருசத்துக்கு முந்தின பேருங்க அது. அன்ஸ்னா சாமி, கர்னா வேல். வேலாயுதம்ங்கற உங்க பேரைத்தான் வெச்சா.”

அப்படியே நாற்காலியில் உட்கார்ந்துவிட்டேன்.

கோபியில் முப்பது வருஷம் பத்திர எழுத்தராக இருந்தவன் நான். இன்னார் மகன் இன்னார் என்று எழுதி எழுதியே தேய்ந்த கை இது. தலைப்பேரனுக்குத் தாத்தா பேர் என்பது நம் பக்கத்தில் எழுதாத சட்டம். பிரசவத்துக்கென்று கடல் தாண்டி இந்த ரிச்சர்ட்சனுக்கு வந்திருந்த நான், ஊருக்குப் போனதும் கோயிலில் வைத்து என் பேரைச் சொல்வார்கள் என்றிருந்தேன். இந்த ஊர் ஆஸ்பத்திரியிலோ மறுநாளே பேரெழுதும் பாரத்தை நீட்டிவிட்டார்கள். நீயும் எழுதிக் கொடுத்துவிட்டாய்.

“இதென்ன பேரு, மருந்துச் சீட்டுல எழுதற மாதிரி?” என்று கேட்டேன், உன் பக்கம் திரும்பாமலே.

நீ சிரித்தாய். “நல்லாக் கனமா இருக்குதுங்க மாமா. இங்க யாருக்கும் இல்லாத பேருங்க. யாராலயும் இதைச் சுருக்கவும் முடியாது.” பழனிச்சாமி என்று என் அப்பா பேரைத் தாங்கிய உன் புருஷனை ஆபீஸில் பி.எஸ். ஆக்கிவிட்டார்களே, அதைச் சொன்னாய் என்று அப்போது தெரிந்தது. ஆனாலும் என் வீம்பு விடவில்லை.

அதற்கு முந்தின வாரம்தான் எனக்குக் காய்ச்சல் என்று கிளினிக்குக்குக் கூட்டிப்போனாய். என் பேரென்ன என்று அங்கே முன்னால் உட்கார்ந்திருந்த பெண் கேட்டாள். நீ வாயைத் திறக்காமல் ஒரு தாளில் எழுதி அவள் பக்கம் தள்ளினாய். பட்டிக்காட்டுப் பேரைச் சொல்ல வெட்கப்படுகிறாள் என்று மனசில் முடிச்சுப் போட்டுக்கொண்டேன். பேரனுக்கு நீ வைத்த பேர் அந்த முடிச்சை இறுக்கிவிட்டது. அதற்குப் பிறகு எத்தனை முறை வந்தேன், எத்தனை முறை போனில் பேசினேன்! ஒரு தடவையாவது அவன் பேர் என் வாயில் வந்ததா? சாமி, தம்பி, ராசா, அவ்வளவுதான்.

நேற்று உன் புருஷன் மீதியையும் சொன்னான். “மாமனார் பேரை மருமக சொல்லக்கூடாதுன்னு அவங்கம்மா சொல்லி அனுப்பிச்சாங்களாம், அதை அவ மீறவே இல்லீங்கப்பா. நம்ம அம்மா தாத்தா பேரைச் சொல்லக்கூடாதுன்னு என்னைப் பெரியவனேன்னுதானே கடைசிவரைக்கும் கூப்பிட்டாங்க? அதுக்கு அவ, எனக்கு அப்படி முடியாதுங்க, மாமா பேரும் வேணும், பெத்த பையனை நான் வாய் நெறையக் கூப்பிடவும் வேணும்னா. லைப்ரரில பேர் புஸ்தகமா எடுத்து ஒரு மாசம் தேடினாங்கப்பா.”

கம்ப்யூட்டர் படித்து, ஃப்ரீவேயில் தனியாகக் கார் ஓட்டுகிற பெண்ணுக்கு இந்தக் கட்டெல்லாம் ஏது என்று நினைத்தேனே! அட, என் புத்தியைச் செருப்பால் அடிக்க.

“எங்கிட்ட ஏன்டா சொல்லலை?”

“அவதான் வேண்டாம்னா. மாமா ஒருநாள் அர்த்தம் என்னன்னு கேப்பாரு, அப்ப நானே சொல்லிக்கறேன்னா.”

ஆறு வருஷம் காத்திருந்திருக்கிறாய். நான் கேட்கவே இல்லை. போன மாசி மாதம் ஆபீஸில் மயங்கி விழுந்த நீ உயிரோடு வீடு திரும்பவில்லை என்று போன் வந்தபோதுகூட இப்படி இடி விழவில்லை கண்ணு. அது சாமி செய்தது. இது நான் செய்தது.

இன்று காலை ஸ்கூல் பஸ்ஸுக்கு நேரமாகியும் பையன் மாடியிலிருந்து இறங்கவில்லை. படிக்குக் கீழே நின்று தொண்டையைச் செருமிக்கொண்டேன். “டேய் அன்ஸ்கர்! எறங்கி வாடா!” என்று கத்தினேன்.

தடதடவென்று ஓடிவந்தவன் பாதிப் படியில் நின்றுவிட்டான். கண்ணை அகல விரித்து என்னையே பார்த்தான்.

“தாத்தா! யூ நோ மை நேம்?”

தெரியும் சாமி என்றேன். பொய் கண்ணு. நேற்றுத்தான் தெரிந்தது.