செருமல் நீக்கிய குரல்

ஜூன் 3, செவ்வாய்

விண்டோஸ் அப்டேட் பாதி நாளைத் தின்றுவிட்டது. மதியம் ஏகநாதன் சார் விளம்பரம் பேச அஸ்தினாபுரத்துக்கு, என் ஒலிப்பதிவு அறைக்கே வந்தார். முடிச்சூரில் மனை போட்டு விற்கிறவர். வாய் நிறைய பாக்கு. என் மைக் முழுக்க எச்சில். சீ.

"எவ்ளோ மழை வந்தாலும் தண்ணி நிக்காத இடம்" - இந்த வரிக்கு வந்தாலே செருமுகிறார். ஒன்பது முறை. மற்ற வரிகளுக்கு ஒன்றுமில்லை.

"இத்த சொல்ல சொல்லோ மட்டும் தொண்டைல இன்னாவோ மாட்டிக்குது. நீ கம்ப்யூட்டர்ல சரி பண்ணிக்கம்மா."

2015-ல் அவர் மனைகளிலிருந்து இரண்டு தெரு தள்ளித்தான் வாடகைக்கு இருந்தேன். வெள்ளத்தில் இரண்டு நாள் மொட்டைமாடியில். அவருக்குத் தெரியாது. நானும் சொல்லவில்லை.

ஜூன் 4

குரல் திருத்தும் ப்ளக்-இன்னில் போட்டேன். கீச்சுக் குரலை இரண்டு படி இறக்கி, கொஞ்சம் கனம் சேர்த்தேன். செருமலை அதுவே தேடி வெட்டிவிடுகிறது. அந்த இடத்தில் துளி அரவம் இல்லை. இப்போது ஊருக்கே பஞ்சாயத்து பேசுகிற பெரிய மனுஷன் மாதிரி இருக்கிறார். நன்றாகத்தான் வந்திருக்கிறது. அதுதான் குமட்டுகிறது.

ஜூன் 5

விளம்பரத்தைக் கேட்டுவிட்டு, "சூப்பர்மா, நானே நம்பிட்டேன்" என்றார் ஏகநாதன். த்தூ.

ஜூன் 15, ஞாயிறு

மேடவாக்கத்திலிருந்து கீதா அக்கா போன். தண்ணி லாரிக்குக் காத்திருந்து அலுத்துவிட்டதாம், இடம் வாங்கி வீடு கட்டப் போகிறார்களாம். முடிச்சூரில் மூலை மனை. போட்டோ அனுப்பினாள். கூடவே விளம்பரமும். என் விளம்பரம்!

வெள்ளத்தைச் சொன்னேன். அவள் அப்போது கோயம்புத்தூரில் இருந்தவள்.

"அதெல்லாம் அப்போ, உதயா. இப்போ மேடாக்கிட்டாங்களாம். அந்த மனுஷன் எவ்ளோ தைரியமா சொல்றார் கேளு. பொய் சொல்ற குரலா அது?"

அந்தக் குரலைச் செய்ததே நான்தான் என்று சொல்ல வாய் வரவில்லை. அடுத்த ஞாயிறு அட்வான்ஸ் கொடுக்கிறார்களாம். என்ன ஜென்மம் நான்?

ஜூன் 16

வெட்டாத ஒலிப்பதிவைத் தேடி எடுத்தேன்.

ஜூன் 21, சனி

அக்காவை வரச் சொன்னேன். ஹெட்போனை மாட்டிவிட்டு முதலில் விளம்பரம். பிறகு ப்ளக்-இன்னை அணைத்துவிட்டு, வெட்டாத ஒலிப்பதிவு முழுவதும். ஒன்பது செருமல். 'தொண்டைல மாட்டிக்குது' வரைக்கும் கேட்டாள்.

"இதையெல்லாம் வெட்டினது யாரு?"

"நான்தான்க்கா."

சாப்பாட்டில் கிடக்கிற முடியைப் பார்ப்பதுபோல் என்னைப் பார்த்தாள். போட்ட காபியைத் தொடாமல் கிளம்பிவிட்டாள்.

ஆகஸ்ட் 29, வெள்ளி

அக்கா அந்த மனையை வாங்கவில்லை. என் போனையும் இன்னும் எடுப்பதில்லை. ஏகநாதன் அடுத்த விளம்பரத்துக்குக் கூப்பிட்டார், முடியாது என்றேன். பாவத்தைக் கழுவிவிட்ட மாதிரி நினைத்துக்கொண்டேன்.

இன்று காலை முடிச்சூர் வழியாக வந்தேன். அதே மூலை மனையில் பூமி பூஜை. கைக்குழந்தையோடு ஒரு பெண் செங்கல்லுக்குக் குங்குமம் வைத்துக்கொண்டிருந்தாள். ரோட்டோரம் நின்ற ஆட்டோ ஸ்பீக்கரில் அவர் பேசிக்கொண்டிருந்தார். எவ்ளோ மழை வந்தாலும்... செருமலே இல்லை.

நான் வண்டியை நிறுத்தவில்லை.