கல்லாய் இறுகிய கிளட்ச்

முட்டி ஆபரேஷனுக்குப் பிறகு திருச்செல்வத்தால் காரின் கிளட்ச்சை மிதிக்க முடியவில்லை. "கால் போச்சு, காடிய வித்துடு" என்றார். "வித்துடுங்க" என்று மனைவி கிருஷ்ணவேணி எரிந்து விழுந்தாள். அதன்பின் இருவரும் பேசவில்லை. மறுநாள் காலை, தான் வேலை செய்யும் கார் உதிரிபாகக் கடைக்குக் கிளம்புமுன், தூங்கிக்கொண்டிருந்த கணவருக்குச் சீட்டு எழுதினாள்.

"என்னங்க, இட்லி மூடி வச்சிருக்கேன். நேத்து நீங்க கோயிலுக்குப் போனப்ப நானும் கிளட்ச்ச மிதிச்சுப் பாத்தேன். எனக்கும் கல்லு மாதிரிதான் இருந்துச்சு. கேபிளக் கழட்டுனதும் பெடல் லேசா எறங்குது. கேபிள்தான் உள்ள துரு புடிச்சு இறுகிப் போச்சு. கடையிலேருந்து புதுசு எடுத்தாந்து மாட்டிட்டேன். சாவி டீவி பக்கத்துல. சாயங்காலம் வந்து என்னை ஏத்திக்குங்க."

வாசல்வரை போனவள் திரும்பி வந்து, சீட்டின் அடியில் நுணுக்கி எழுதினாள்: "ஒங்க காலுக்கு ஒண்ணும் இல்ல. ஓட்டலாம்னு டாக்டரே சொல்லிட்டாருலா. நான் கத்துனது, ஒங்க கால் நெசமாவே போச்சோங்கற பயத்துல."

சாயங்காலம் கடை வாசலில் ஹாரன் கேட்டது. ஸ்டியரிங்கைப் பிடித்தபடி திருச்செல்வம் உட்கார்ந்திருந்தார்.

"ஏறு," என்றார். "சுங்கை ரம்பாய்க்குப் போயி ஒங்கக்காவப் பாத்துட்டு வரலாம்."