உப்புத் தரைத் தேனீக்கள்

டூஷி, வாஷிங்டன்
ஜூன் 14

அன்புள்ள ஆரினுக்கு,

வெர்னா எழுதுவது. நான் இங்கே நலம். டிராக்டர் விபத்தின் காயம் ஆறி வருவதாக உன் டாக்டர் போனில் சொன்னார். சூப்பைக் குடிக்காமல் திருப்பி அனுப்புகிறாயாமே? உன் பிடிவாதத்தை ஆஸ்பத்திரியில் காட்டாதே. ஒற்றைக் காலோடு இனி விவசாயமா, தேனீக்கள் குடியிருக்கும் உப்புத் தரைப் படுகையை விற்றுவிடு என்று நீ எழுதியதைப் படித்தேன். இரண்டு நாள் கோபத்தில் பதில் எழுதவில்லை.

நம் தேனீக்கள் மண்ணைத் துளைத்துக்கொண்டு வெளியே வந்துவிட்டன. முதலில் ஆண்கள் வந்து வழக்கம்போல் வெட்டியாகச் சுற்றினார்கள். பிறகு பெண்கள். வயிற்றில் அந்த முத்துப் பச்சைக் கோடுகள் வெயிலில் மின்ன, ஒவ்வொருத்தியும் தனக்கென்று ஒரு குழி தோண்டுகிறாள். ராணியும் கிடையாது, வேலைக்காரியும் கிடையாது. பக்கத்துப் பக்கத்தில் லட்சம் வீடுகள். அவரவர் வீட்டுக்கு அவரவரே எஜமானி. குதிரைமசால் பூவைத் திறந்தால் உள்ளே இருக்கும் தண்டு துள்ளி முகத்தில் அறையும்; ஒரு முறை அறை வாங்கிய பெட்டித் தேனீ அடுத்த முறை மகரந்தத்தைத் தொடாமல் பக்கவாட்டில் தேன் திருடப் போகும். நம்முடையவள் அறையை வாங்கிக்கொண்டு அடுத்த பூவுக்குப் போகிறாள். எனக்குப் பெருமை தாங்கவில்லை.

நேற்று மத்தியானம் நீ சொன்ன வெங்காயக்காரர் ஹாஸ்கல் நிலம் பார்க்க வந்தார். பூட்ஸோடு நேராகப் படுகைக்குள் இறங்கிவிட்டார். "யோவ், வெளிய வாய்யா! கீழ வீடு இருக்கு!" என்று கத்திவிட்டேன். "வெறும் உப்புத் தரைதானேம்மா? ஈக்குப் போயா இந்தக் கத்து கத்துறீங்க?" என்றார். "இந்த ஈ இல்லேன்னா இந்தப் பக்கம் ஒருத்தன் களத்துலயும் குதிரைமசால் விதை இருக்காது. போய்ட்டு வாங்க" என்று அனுப்பிவைத்தேன். பத்திரத்தில் நான் கையெழுத்துப் போடவில்லை, போடவும் மாட்டேன்.

ஒரு தப்பும் செய்துவிட்டேன். படுகைக்கு அடியில் ஈரம் காக்கும் புதைகுழாயில் தண்ணீரை நாலு நாள் கூடுதலாக விட்டதில் மேற்கு மூலை சேறாகிவிட்டது. அங்கே ஒரு குழிகூட இல்லை. உப்பின் நிறத்தைப் பார்த்தே அடி ஈரத்தைச் சொல்கிற கண், உன்னைக் கட்டிக்கொண்டு வந்து முப்பது வருஷமாகியும் எனக்கு வரவில்லை. அது உனக்குத்தான் இருக்கிறது.

ஆரின், நம் படுகையில் இரண்டு கால் உள்ளவனுக்கே நடக்க அனுமதி இல்லை. ஓரத்தில் உட்கார்ந்து பார்க்கத்தான் ஆள் வேண்டும். நாற்காலி போட்டு வைத்திருக்கிறேன். சீக்கிரம் வா.

உன்
வெர்னா