கிணற்று மேட்டுக் கல்லின் கணக்கு

எழுத்து கோணலாக இருக்கிறது, பொறுத்துக்கொள். கடப்பாரை பிடித்த கைக்குப் பென்சில் அடங்க மாட்டேன் என்கிறது. ஒரு வரி முடிப்பதற்குள் ஒரு தடவை வெற்றிலை போட்டுவிடலாம். நீ இருந்த நாளில் உன் பெயரைக்கூட எழுதத் தெரியாது எனக்கு. இப்போது தெரியும். எழுதிப் பார்த்தேன், அழகாகத்தான் இருக்கிறது.

நேற்றுப் போட்ட கணக்கு இன்னும் சிலேட்டில் அழியாமல் இருக்கிறது. அதைப் பார்க்கப் பார்க்கச் சிரிப்பு வருகிறது. உன்னிடம் சொல்லாமல் யாரிடம் சொல்வேன்?

நம் ஊரில் பெரிய ஆட்களுக்கு மாலைப் பள்ளிக்கூடம் நடக்கிறது. எழுத்துக் கூட்டிப் படிக்க வந்ததும் வாத்தியார் கணக்கில் இறங்கிவிட்டார். ஒரு பொருளை மேலே தூக்கி வைத்தால், தூக்கிய பாடெல்லாம் அதற்குள்ளேயே தங்கிவிடுமாம். விழும்போது வெளியே வருமாம். எடையை உயரத்தால் பெருக்கினால் அளவு கிடைக்கும். இரண்டு மணங்குக் கல்லை ஐந்தடி தூக்கினால் பத்து.

நேற்று அவர் குறும்பாகக் கேட்டார்: "அதே கல்லு கெணத்து மேட்டுல, தரையோட கெடக்குதுங்க. கெணறு நாப்பதடி. இப்ப கல்லுக்குள்ள எத்தனைங்க?"

"தரைல கெடக்கறதுக்கு ஏதுங்க உசரம்? சுழிதான்" என்றார்கள் எல்லோரும். நானும் சுழி போடச் சிலேட்டில் குச்சியை வைத்துவிட்டேன். அப்போதுதான் உன் குரல் கேட்டது.

மழை பொய்த்த வருஷம் நம் கிணற்றை ஆழப்படுத்தினோமே. உள்ளே நான் வெட்ட, மேலே நீயும் அண்ணனும் மண்கூடை இழுத்தீர்கள். அண்ணன் உட்காரும் கல் ஒன்று மேட்டோரத்தில் கிடந்தது. அதை எடுக்காமல் கயிற்றைத் தொட மாட்டேன் என்று நீ நின்றுகொண்டாய்.

"ஏ அம்மிணி, சும்மா படுத்துக் கெடக்கற கல்லு உன்னைய என்ன பண்ணுச்சு?"

"உங்களுக்குத்தானுங்க மாமா அது படுத்துக் கெடக்குது. உள்ள நிக்கற மனுசனுக்கு அது ஆகாசத்துல தொங்குது."

அண்ணன் சிரித்தார். உள்ளேயிருந்து நானும் சிரித்தேன். நீ கடப்பாரையைக் கொடுத்து நெம்பி, வேப்பமரம் வரைக்கும் தனியாகவே உருட்டிக்கொண்டு போய்விட்டாய்.

மறுநாள் மத்தியானம் அந்தக் கல் கிடந்த ஓரம் அப்படியே சரிந்து என்மேல் விழுந்தது. வந்தது வெறும் மண். இடுப்பு வரை புதைந்து நின்றேன்.

"ஏனுங்க! இருக்கறீங்களா?"

"இருக்கறன். வாயெல்லாம் மண்ணு."

"தின்னது போதும், மேல வாங்க. கஞ்சி இருக்குது."

குரலில்தான் அந்த எகத்தாளம். மேலே வந்து பார்த்தால், நிறைந்த சட்டியிலேயே மேலும் மேலும் கஞ்சியை ஊற்றிக்கொண்டிருந்தாய்.

நேற்றுச் சிலேட்டில் சுழி போடவில்லை. கிணற்றின் அடியிலிருந்து அளந்து, எண்பது என்று போட்டேன்.

"சரியா வந்துருச்சுங்க பெரியவரே! எப்படிக் கண்டுபுடிச்சீங்க?" என்றார் வாத்தியார்.

"எங்க ஊட்டுல சொன்னாங்க" என்றேன். வகுப்பே சிரித்தது.

வேப்பமரத்தடியில் அந்தக் கல்மேல் உட்கார்ந்துதான் இதை எழுதுகிறேன். இதுவும் இரண்டு மணங்கு இருக்கும், நம் கிணறும் நாற்பதடிதான். அந்த எண்பதும் இன்னும் இதற்குள்ளேயே இருக்கிறது, ஒன்றுகூடக் குறையவில்லை. என் தலையில் இறங்க நீ விடவில்லை.

அடுத்த வாரம் விழுகிற கல்லைப் பற்றிப் பாடமாம். உன் தயவில் அதில் எனக்கு அனுபவம் கிடையாது. கேட்டுவிட்டு வந்து எழுதுகிறேன்.