கால்வாய்க்கு அந்தப் பக்கம்

நஜ்மா பகுதி, தோஹா
ஏப்ரல் 12

அன்புள்ள பானு அக்காவுக்கு, தாரிணி எழுதுவது.

முனியசாமி அண்ணனின் ஊர் நம் தொகுதியில் இல்லை என்று இன்று முதலாளியிடம் நான் சொல்லவில்லை. போனில் பேசினால் அப்பா காதில் விழும். அதனால் இதை அண்ணன் பையிலேயே வைத்து அனுப்புகிறேன்.

மணிமாறன் முதலாளி சட்டமன்றத் தேர்தலில் நிற்பது உனக்குத் தெரியும்; அப்பாதான் அங்கே அவருக்காக வீடு வீடாக ஏறி இறங்குகிறாரே. இங்கே அவரிடம் வேலை செய்பவர்களில் நம் தொகுதியில் ஓட்டு உள்ளவர்களுக்கு மட்டும் லீவும் டிக்கெட்டும். மற்றவர்களுக்குத் தேர்தல் முடியும்வரை லீவு ‘மாஃபி’, கிடையவே கிடையாது. பாஸ்போர்ட்டெல்லாம் ஆபீஸ் பெட்டகத்தில். பட்டியல் தயாரிப்பது நான்.

பிரச்சாரத்துக்கான அவர் வாழ்க்கை வரலாற்றையும் நான்தான் எழுதுகிறேன். பத்தொன்பது வயதில் சவூதியில் ஜுபைலுக்கு வந்து, தொழிலாளர் கேம்ப் கேம்பாக வெங்காயம் விற்று, இன்று தோஹாவில் நான்கு கடை. போன வாரம் போனில் சொல்லிக்கொண்டே வந்தவர், தன் அம்மா இறந்தபோது கஃபீல், அவருக்கு விசா கொடுத்த அரபி, பாஸ்போர்ட்டைத் தரவில்லை என்றார். பிறகு, "அது வேண்டாம்மா, அழுமூஞ்சிக் கதை. ஓட்டு விழாது" என்றார். அந்த வரியை அடித்துவிட்டேன்.

முனியசாமி அண்ணன் கிடங்கில் மூட்டை இறக்குபவர். அவர் மனைவி நாகவள்ளிக்குக் கர்ப்பப்பையில் கட்டி. இரத்தப்போக்கு நிற்கவில்லை. பதினாறாம் தேதி ஆபரேஷன். இரண்டு முறை லீவு கேட்டார். எலெக்ஷன் முடியட்டும் என்றே பதில் வந்தது. அவர் ஊர் வெள்ளக்குளம், கால்வாய்க்கு அந்தப் பக்கம், அடுத்த தொகுதி. பட்டியலில் நான் இந்தப் பக்கத்து ஊரைப் போட்டேன்.

பிரச்சாரத்துக்கு நடுவே ஆட்களை அழைத்துப்போக வந்திருக்கும் முதலாளி இன்று ஒவ்வொருவரையும் நிறுத்திக் கேட்டார். "முனியசாமி, உனக்கு எந்த பூத்துடா?"

"பள்ளிக்கூடந்தேன் மொதலாளி."

"எல்லா ஊர்லயும் பள்ளிக்கூடந்தான்டா பூத்து."

எல்லோரும் சிரித்தார்கள். அண்ணனும் சிரித்தார், கை மட்டும் சட்டைப் பொத்தானைத் திருகிக்கொண்டிருந்தது. முதலாளி என் பக்கம் திரும்பி, "சரிபாத்தியாம்மா?" என்றார். அண்ணன் பெயருக்கு நேரே டிக் போட்டேன். வாய் திறக்கவில்லை. பொய் சொல்லவில்லையே என்று தேற்றிக்கொள்ளப் பார்த்தேன். பட்டியலே பொய்தானே.

நாளை மாலைதான் விமானம். அதற்குள் அங்கே யாராவது வாக்காளர் பட்டியலோடு ஒத்துப்பார்த்தால் முடிந்தது. அப்பாவேகூடப் பார்க்கலாம். இந்த வேலையை எனக்கு வாங்கித் தந்தவர் அவர். தெரிந்துதான் செய்தேன்.

இது உன் கைக்கு வந்தால் அண்ணன் வந்து சேர்ந்தார் என்று வைத்துக்கொள். வாக்குப்பதிவு முடியும்வரை அப்பா எதிரில் அவர் பெயரை எடுக்காதே. ஆபரேஷன் அன்று நீயும் ஆஸ்பத்திரிக்குப் போ, அக்கா. அவர்களுக்கு வேறு யாருமில்லை.

உன் தங்கை,
தாரிணி

மே 8

அக்கா, இனி ஒளிக்க ஒன்றுமில்லை என்பதால் வாட்ஸ்அப்பிலேயே எழுதுகிறேன். நாகவள்ளி எழுந்து நடப்பதாக அண்ணன் சொன்னார். முதலாளி ஜெயித்துவிட்டார். அனுப்பிய நாற்பத்தொரு பேரில் நாற்பது பேர்தான் ஓட்டுப் போட்டார்கள் என்று பூத் ஏஜெண்ட் எழுதிவிட்டார். அண்ணனின் விசாவை ரத்து செய்துவிட்டார்கள். எனக்குப் பதினைந்தாம் தேதி டிக்கெட் போட்டிருக்கிறார்கள், மதுரைக்கு, ஒருவழி.