கீறலில்லாத கைகள்

நாசாவ் துறைமுகம்
மார்ச் 3

அன்புள்ள அர்லினுக்கு,

முதலிலேயே சொல்லிவிடுகிறேன், பதறாதே. சாப்பாட்டுக் கூடத்துப் படிக்கட்டில் விழுந்துவிட்டேன். கப்பல் ஆடியது, கால் வழுக்கியது, அவ்வளவுதான். நெற்றியில் நான்கு தையல். பன்னிரண்டு சூப்புக் கிண்ணங்களும் காலி. கூட வேலை பார்க்கும் பென்ஜி, "அண்ணே, படிக்கட்டுக்கா சூப்பு பரிமாறுன?" என்று இன்னும் ஓட்டுகிறான்.

அடுத்த ஒப்பந்தத்தில் என்னைத் தலைமைப் பரிமாறுநர் ஆக்கப் போகிறார்களாம்! இருபத்திரண்டு வருடம் தட்டு தூக்கியிருக்கிறேன், அர்லின். நீ காயத்துக்கெல்லாம் எண் போட்டு மெடிக்கல் கோடிங் பார்க்கும் ஆபீசுக்கு என் காகிதமும் வந்தால் நல்ல எண்ணாகப் பார்த்துப் போடு. படம் இணைத்திருக்கிறேன், பார், சிரித்துக்கொண்டுதான் இருக்கிறேன்.

உன்
விசென்டே

இலோய்லோ
மார்ச் 5

அன்புள்ள விசென்டே,

போனில் கேட்டால் சிரித்தே மழுப்பிவிடுவீர்கள். அதனால் எழுதிக் கேட்கிறேன்.

பதினோரு வருடமாகக் கப்பலில் விழுந்தவர்களின் மருத்துவக் குறிப்புகளைப் படித்து எண் போடுகிறேன். வழுக்கி விழுகிறவர்கள் கையை ஊன்றுவார்கள். மணிக்கட்டு முறியும், உள்ளங்கையாவது தேயும். கையில் தட்டு இருந்தாலும் அதை விட்டுவிட்டுக் கையைத்தான் நீட்டுவார்கள். முகத்தில் மட்டும் அடிபட்டு வருகிறவர்களில் பாதிப்பேருக்கு, விழுவதற்கு முன்பே நினைவு போயிருக்கும்.

படத்தில் இரண்டு கட்டை விரலையும் தூக்கிக் காட்டுகிறீர்கள். ஒரு கீறல்கூட இல்லை.

உண்மையில் என்ன நடந்தது?

அர்லின்

மார்ச் 8

அர்லின்,

உன்னிடம் பொய் சொல்வதென்றால் நான் வேறு உத்தியோகம் பார்ப்பவளைக் கட்டியிருக்க வேண்டும்.

வழுக்கவில்லை. கண் இருட்டியது, விழித்தபோது தரையில் கிடந்தேன். இது மூன்றாவது தடவை. முதல் தடவை அறையில். இரண்டாவது திறந்த தளத்தில், கம்பி ஓரமாக. பென்ஜி இடுப்பு வாரைப் பிடித்து இழுத்தான்.

வெள்ளிக்கிழமை கப்பல் டாக்டர் மறுபடி பார்க்கிறார். மயக்கம் என்று சொன்னால் வீட்டுக்கு அனுப்பிவிடுவார்கள், திரும்ப ஏற்றவும் மாட்டார்கள். நீ ஆயிரக்கணக்கில் பார்த்தவள். எப்படிச் சொன்னால் மயக்கத்துக்கான எண் வராது? அதை மட்டும் சொல்லிக்கொடு. உன்னிடம் நான் வேறெதுவும் கேட்டதில்லை.

விசென்டே

இலோய்லோ
மார்ச் 9

என் விசென்டேவுக்கு,

எப்படிச் சொல்ல வேண்டும் என்று எனக்கு நன்றாகத் தெரியும். சொல்லித்தர மாட்டேன்.

பயணிகள் கப்பலுக்குள்ளேயே ஒருவர் விழுந்தால் ஓர் எண். பட்டியலில் அதை ஒட்டியே இன்னொன்று இருக்கிறது: கப்பலிலிருந்து விழுந்து நீரில் மூழ்கியது. இதுவரை நான்கு பேருக்கு அதைப் போட்டிருக்கிறேன். நான்கு பேரின் வயதும் எனக்கு இன்னும் நினைவிருக்கிறது. திறந்த தளம், கம்பி ஓரம் என்று நீங்கள் எழுதியதையே திரும்பத் திரும்பப் படித்துக்கொண்டிருக்கிறேன்.

அந்தப் பதவி உங்களுக்கு எத்தனை பெரிசு என்று தெரியாதவள் இல்லை நான். மூன்று தடவையும் நடந்ததை டாக்டரிடம் அப்படியே சொல்லுங்கள். என்னைத் திட்டுங்கள், ஒரு மாதம் பேசாமல் இருங்கள். எனக்கு நீங்கள் வேண்டும்.

அர்லின்

மார்ச் 13

அர்லின்,

டாக்டர், "வழுக்கிடுச்சா?" என்று கேட்டார். ஆமாம் என்றேன். எழுதிக்கொண்டு, "சரி, போகலாம்" என்றார். கதவுவரை போய்விட்டேன்.

அப்புறம் திரும்பி வந்து மூன்றையும் சொன்னேன். எழுதியதை அடித்துவிட்டு நெஞ்சில் ஒயர்களை ஒட்டினார். இதயம் நடுநடுவே சில நொடிகள் நின்று போகிறதாம். துடிப்பைச் சீராக்க நெஞ்சுக்குள் ஒரு கருவி வைத்தால் சரியாகிவிடுமாம். நாளை மயாமியில் இறக்கிவிடுகிறார்கள். தலைமைப் பரிமாறுநர் வேலை பென்ஜிக்கு. பாவம், என் முகத்தைப் பார்க்கவே கூச்சப்படுகிறான்.

உன்மேல் கோபமாக இருக்கிறேன். சாதாரணக் கோபம் இல்லை, நீ எத்தனை சமாதானம் சொன்னாலும் இப்போதைக்கு ஆறாது.

வந்து, பக்கத்திலேயே உட்கார்ந்து கோபித்துக்கொள்கிறேன்.

விசென்டே