மடித்து வைத்த வரி

அன்புள்ளவளே,

ஆறு கப்பல்களாகக் கிளம்பினோம். இப்போது ஐந்து.

நாங்கள் ஏற்றி வரும் தீப்பறவை முட்டைகளில் ஒன்றே ஒரு நகரத்தைக் குளிர்காலம் முழுக்கச் சூடாக வைத்திருக்கும். பக்கத்தில் யாராவது மனிதப் பெயரைச் சொன்னால் மட்டும் வெடித்துவிடும். அதனால் இங்கே எல்லோருக்கும் "ஏய்"தான்.

நேற்று மதியம், வரிசையில் கடைசியாக வந்த கப்பல் எரிந்தது. நீந்தி வந்தவன் ஒருவன்தான். "ஒருத்தன் தூக்கத்துல மகளைக் கூப்பிட்டுட்டான்யா" என்றான்.

"இனிமே வாயில துணி கட்டிக்கிட்டுத் தூங்குங்கடா" என்றார் தலைவர். கட்டிக்கொண்டோம்.

உன் கடிதம் கிடைத்தது. 'நம் மகளுக்கு வைத்த பெயர்' என்ற இடத்தோடு படிப்பதை நிறுத்தி, மடித்துத் தைத்துவிட்டேன். கோபித்துக்கொள்ளாதே. தூக்கத்தில் உளறுகிறேன் என்று என்னைத் திட்டுகிறவள் நீதானே.

இப்படிக்கு,
அவளுடைய அப்பா